மூளை நாடி இறுகினால்: பாரிசவாதமும் அறளையும் பற்றி வன்னியில் கேட்கும் கேள்விகள்

நான் தாதியாக வேலை பார்த்த காலத்தில் பெரும்பகுதி வன்னிக் கிளினிக்குகளில் கழிந்தது. பிரஷர், சலரோகம், கொழுப்பு என்று மாதாமாதம் மருந்தெடுக்க வந்தவர்கள் வரிசையில் நின்றபடி கேட்டவையும், பிறகு அவர்களுடைய பிள்ளைகள் வெளிநாட்டிலிருந்து போனில் கேட்டவையும் இங்கே இருக்கின்றன. "விழுந்து படுக்கையில் கிடப்பேனோ" என்று ஒரு பயம், அது பாரிசவாதம், அதாவது ஸ்ட்ரோக். "அறளை பெயர்ந்துவிடுமோ" என்று இன்னொரு பயம், அது புத்தி தடுமாறும் மறதி வருத்தம். இரண்டையும் வேறு வேறு வருத்தம் என்றே எங்கள் சனம் நினைக்கிறது. பல வீடுகளில் இரண்டுக்கும் வேர் ஒன்றுதான்: மூளைக்குப் போகும் நாடி இறுகுவது. அதைச் சொல்லத்தான் இதை எழுதுகிறேன்.

மூளை நாடி இறுகுவது என்றால் உள்ளே என்ன நடக்கிறது?

இதயத்திலிருந்து இரத்தத்தைக் கொண்டுபோகும் குழாய்தான் நாடி. இளவயதில் அது ரப்பர் ஹோஸ் மாதிரி. ஒவ்வொரு துடிப்புக்கும் கொஞ்சம் விரிந்து கொடுத்து, பழையபடி சுருங்கும். வயது, பிரஷர், சீனி, புகை எல்லாம் சேர்ந்து அதை மெல்ல மெல்லப் பிவிசி பைப்பாக்கிவிடும்.

இது இரண்டு வகையில் நடக்கும். நாடியின் உட்சுவரில் கொழுப்புத் திட்டாகப் படிந்து, அதில் கல்சியமும் ஏறி, இரத்தம் போகிற வழி ஒடுங்குவது ஒரு வகை. உட்சுவருக்கு வெளியே, நடுச்சுவரில் கல்சியம் படிவது மற்றது. அதில் வழி ஒடுங்காமலே இருக்கலாம். ஆனால் குழாய் விறைத்துவிடும். சலரோகக்காரர்களிடமும் சிறுநீரகம் பழுதானவர்களிடமும் இந்த இரண்டாவது வகை கூடுதலாக வரும். ஒரே ஆளிடம் இரண்டும் இருப்பதும் சாதாரணம்.

உடம்பு முழுக்க நாடி இருக்கிறதே, மூளைக்கு மட்டும் ஏன் இவ்வளவு பாதிப்பு?

மூளை உடம்பு நிறையில் 2 சதவீதம்தான். ஆனால் நாம் எடுக்கும் ஒட்சிசனில் ஏறத்தாழ 20 சதவீதத்தை அதுவே எடுக்கிறது. எடுத்துச் சேமித்து வைக்கவும் அதற்கு இடமில்லை. வரவு நின்றால் சில நிமிடத்தில் கலங்கள் சாகத் தொடங்கிவிடும்.

கழுத்தின் முன்பக்கம் இரண்டு, பின்பக்கம் இரண்டு என நாலு நாடிகள் மேலே போய், மூளையின் அடியில் ஒரு வளையமாகச் சேர்கின்றன. 1664இல் தோமஸ் வில்லிஸ் என்ற இங்கிலாந்து வைத்தியர் அதை விவரித்து எழுதியதால் வில்லிஸ் வளையம் என்றே பெயர். ஒரு வழி மெல்ல மெல்ல அடைபட்டால் மற்ற வழியால் இரத்தம் சுற்றி வர அந்த வளையம் உதவும். ஆனால் வளையத்தைத் தாண்டி மூளையின் ஆழத்துக்குள் இறங்கும் மயிர் போன்ற சின்ன நாடிகளுக்கு மாற்று வழி கிடையாது. இரணைமடுக் குளத்து வாய்க்காலின் கடைசி வயல்காரரைக் கேட்டுப் பாருங்கள். குளத்தில் தண்ணீர் இருந்தாலும், மேலே ஓரிடத்தில் ஒடுங்கினால் முதலில் காய்வது அவருடைய பயிர்தான். மூளையின் கடைசி வயல் அதன் ஆழத்திலுள்ள வெள்ளைப் பகுதி.

இறுகின நாடியிலிருந்து பாரிசவாதம் எப்படி வருகிறது?

திட்டு வெடித்து, அதன்மேல் இரத்தம் உறைந்து, அந்த உறைகட்டி வழியை அங்கேயே அடைக்கலாம், அல்லது பிய்ந்து போய் மேலே ஒரு கிளையில் இறுகலாம். திட்டு படர்ந்து சின்னக் கிளையொன்றின் வாயை மூடலாம். ஏற்கெனவே ஒடுங்கின வழி, வயிற்றோட்டத்தாலோ கடும் வெயில் வேலையாலோ உடம்பில் நீர் வற்றி பிரஷர் இறங்கும் நேரத்தில் போதாமல் போகலாம். இன்னொன்றும் உண்டு: வருடக்கணக்காகப் பிரஷர் அடித்து அடித்துப் பலவீனமான சின்ன நாடி வெடித்து மூளைக்குள் இரத்தம் கசிவது. ஒன்று அடைப்பு, மற்றது கசிவு. வெளியே பார்த்தால் இரண்டும் ஒரே மாதிரித்தான் இருக்கும். சிடி ஸ்கான் எடுக்காமல் எந்தப் பெரிய வைத்தியரும் பிரித்துச் சொல்ல மாட்டார். கீழே நான் சொல்லப்போகும் ஒரு விஷயத்துக்கு இது முக்கியம், ஞாபகத்தில் வைத்திருங்கள்.

சரி, அறளைக்கும் இதற்கும் என்ன தொடர்பு? அது வயதால் வருவதுதானே?

வயதானால் ஆள் கொஞ்சம் மெதுவாகலாம், பெயர் நாக்கு நுனியில் நிற்கலாம். அறளை என்பது அன்றாட வேலையே குழம்பிப்போவது. அது வருத்தம்.

நாடி மூளையைக் கெடுக்கும் வழி ஒன்றிரண்டல்ல. ஒரு பெரிய அடைப்பே யோசிக்கும் சக்தியைப் பறிக்கலாம். முதல் பாரிசவாதம் வந்தவர்களில் ஏறத்தாழ பத்தில் ஒருவருக்குக் கொஞ்சக் காலத்தில் புதிதாக அறளை வருகிறது. திரும்பத் திரும்ப வந்தவர்களில் மூன்றில் ஒருவருக்கு மேல். இரண்டாவது தடவை வராமல் காப்பது ஏன் இவ்வளவு பெரிய வேலை என்பது இதிலேயே தெரியும்.

மற்ற வழி சத்தமில்லாதது. நல்ல நாடி, இதயத்தின் ஒவ்வொரு துடிப்பையும் வாங்கித் தணித்து அனுப்பும். விறைத்த நாடி தணிக்காது. அடி நேராகச் சின்ன நாடிகளில் விழும். ஒரு நாளைக்கு ஒரு இலட்சம் துடிப்பு. வருடக்கணக்கில் அது விழ, வெள்ளைப் பகுதி சிறுகச் சிறுகக் கருகும். மூளையின் ஒரு பகுதியையும் இன்னொரு பகுதியையும் இணைக்கிற வயர்கள் அங்கேதான் ஓடுகின்றன. அதனால் ஞாபகத்துக்கு முன்னரே வேகமும் ஒழுங்கும் போகும்.

இதை என் வீட்டிலேயே பார்த்தேன். அம்மா ஒடியல் கூழுக்குப் பேர்போனவர். நண்டும் மீன்தலையும் பயற்றங்காயும் பலாக்கொட்டையும் அவிந்த பிறகுதான், ஊறவைத்த ஒடியல் மாவைப் புளியோடும் அரைத்த மிளகாயோடும் கரைத்து விடுவார். ஒரு நாள் பச்சைத் தண்ணீரில் முதலே மாவைக் கரைத்துவிட்டு, நண்டுச் சட்டியைக் கையில் வைத்துக்கொண்டு அடுப்பைப் பார்த்தபடி நின்றார். பேரப்பிள்ளைகளின் பெயர், பிறந்தநாள், யார் வீட்டுச் சடங்குக்கு என்ன கொடுத்தோம், எல்லாம் சரியாகச் சொன்னார். எதற்குப் பிறகு எது என்பது மட்டும் கைவிட்டுப் போயிருந்தது. ஞாபகம் நன்றாக இருக்கிறதே என்று நானும் விட்டுவிட்டேன். ஏழு மாதம் கழித்து எடுத்த ஸ்கானில் நாலு பழைய அடைப்பு. ஒன்றுக்காவது அவர் விழுந்ததில்லை.

அல்ஸைமர் வேறு வருத்தம். அதில் மூளையில் புரதம் படிகிறது. ஆனால் வயதானவர்களில் இரண்டும் கலந்தே வருவது மிகச் சாதாரணம். நாடி பழுதான மூளை, அல்ஸைமரை அதிக நாள் தாங்கிப் பிடிக்காது.

"பழைய ஸ்ட்ரோக் இருக்கு" என்று ஸ்கானில் எழுதியிருக்கிறார்கள். ஐயாவுக்கு அப்படி எதுவுமே வரவில்லையே?

வந்திருக்கும், தெரிந்திருக்காது. கையையோ பேச்சையோ நடத்தும் இடத்தைத் தொடாத சின்ன அடைப்பு வெளியே காட்டாது. நெதர்லாந்தில் ரொட்டர்டாம் நகரத்து முதியவர்களை நீண்ட காலம் பின்தொடர்ந்து செய்யும் ஆய்வில், 60 வயது தாண்டியவர்களில் ஐந்தில் ஒருவருக்கு இப்படிச் சத்தமில்லாத அடைப்பு இருந்தது. எழுதியிருப்பதைப் பார்த்து நெஞ்சு பதைக்க வேண்டாம். அதே நேரம் அந்த அறிக்கையை அலுமாரியில் வைத்துவிடவும் வேண்டாம். அடுத்த கிளினிக்குக்குக் கொண்டுபோய், பிரஷரையும் கொழுப்பையும் இன்னும் இறுக்கிப் பிடிக்க வேண்டுமா என்று கேளுங்கள்.

நாடியில் கல்சியம் என்று சொன்னார்கள். நெத்தலி, பால் எல்லாம் நிறுத்தவா?

வேண்டாம். சாப்பாட்டுக் கல்சியம் நேரே போய் நாடியில் ஒட்டுவதில்லை. பழுதான சுவரில்தான் அது படிகிறது. அதே ரொட்டர்டாம் ஆய்வில், கழுத்து நாடியின் தலைக்குள் இருக்கும் பகுதியில் பத்தில் எட்டு முதியவருக்குக் கல்சியம் இருந்தது. கூடுதலாகப் படிந்தவர்களுக்குப் பாரிசவாதமும், யோசிக்கும் சக்தி குறைவதும் கூடுதலாக வந்தன. படிந்ததைக் கரைக்க மருந்து இல்லை. மேலும் படியாமல், திட்டு வெடிக்காமல் பார்க்க மருந்து இருக்கிறது.

வெள்ளைக்காரரை விட எங்களுக்கு இது கூடுதலா?

மூளைக்குள் இருக்கும் பெரிய நாடிகள் ஒடுங்குவது ஆசிய மக்களில், எங்களைப் போன்ற தெற்காசியர்களிலும், ஐரோப்பியரை விடக் கூடுதல். அவர்களுக்குப் பெரும்பாலும் கழுத்தில் ஒடுங்கும். அதனால் "கழுத்து ஸ்கான் கிளியர்" என்று வந்தால் மூளை நாடியும் கிளியர் என்று எடுத்துக்கொள்ளக் கூடாது.

திடீரென வாய் கோணினால் வீட்டில் என்ன செய்வது?

முகம் ஒரு பக்கம் கோணுதல், இரண்டு கையையும் தூக்கச் சொன்னால் ஒன்று தாழ்தல், பேச்சுக் குழறுதல். இதில் ஒன்று திடீரென வந்தாலே போதும். 1990 என்ற இலக்கத்துக்குப் போன் அடியுங்கள். சுவசெரிய அம்புலன்ஸ் இலவசம்; 2018இலிருந்து வடக்கிலும் ஓடுகிறது. உறைந்த இரத்தத்தைக் கரைக்கும் ஊசி, தொடங்கி நாலரை மணித்தியாலத்துக்குள் போட வேண்டியது. முல்லைத்தீவுப் பக்கத்திலிருந்து பரந்தன் வீதியால் ஏறி, ஏ9 பிடித்து யாழ்ப்பாணம் போதனா வைத்தியசாலை வரை போகிற தூரம் உங்களுக்குத் தெரியும். வீட்டில் கலந்து பேசுவதற்கு அதில் நேரமே கிடையாது. பெரிய நாடி அடைபட்டால் ஒரு நிமிடத்துக்கு ஏறத்தாழ 19 இலட்சம் நரம்புக் கலங்கள் சாகின்றன என்று கணக்கிட்டிருக்கிறார்கள்.

செய்யக் கூடாதவை: தண்ணீரோ தேத்தண்ணியோ பருக்க வேண்டாம், விழுங்க முடியாமல் நுரையீரலுக்குப் போய்விடும். எண்ணெய் பூசி உருவிக்கொண்டிருக்க வேண்டாம். விரல் நுனியில் ஊசியால் குத்தி இரத்தம் எடுக்கச் சொல்லி வட்ஸ்அப்பில் வருவதை நம்ப வேண்டாம். அஸ்பிரின் கொடுக்கவே வேண்டாம். அடைப்பா கசிவா என்று ஸ்கான் இல்லாமல் தெரியாது என்று மேலே சொன்னேனே, கசிவாக இருந்தால் அந்தக் குளிசை கசிவைக் கூட்டிவிடலாம்.

கடைசியாக அவரை நல்லபடியாகப் பார்த்தது எத்தனை மணிக்கு என்று எழுதிக்கொள்ளுங்கள். கிளினிக் கொப்பியையும் குளிசைப் பையையும் எடுத்துக்கொண்டு போங்கள்.

பத்து நிமிடத்தில் தானாகச் சரியாகிவிட்டாலும் போக வேண்டும். "கண்ணூறு பட்டது, கழிச்சாச்சு, இப்ப சுகம்" என்று வீட்டில் இருந்தவர்கள் சிலர் மறுநாளே முழுதாக விழுந்து வந்ததைப் பார்த்திருக்கிறேன். அந்த முதல் 48 மணித்தியாலம்தான் ஆபத்துக் கூடின நேரம்.

பிரஷர் குளிசை எடுத்து இப்ப நல்லாயிருக்கு. விடலாமா?

என்னிடம் ஆகக் கூடுதலாகக் கேட்ட கேள்வி இது. பிரஷருக்கு நோவில்லை, அதனால் நல்லாயிருப்பது எதற்கும் சாட்சியில்லை. கிளினிக்கில் 130 காட்டினால் அது குளிசை வேலை செய்கிறது என்றுதான் அர்த்தம். வருத்தம் போய்விட்டது என்றல்ல.

விடுகிறவர்கள் எல்லாரும் பொறுப்பில்லாதவர்கள் என்று நான் சொல்ல மாட்டேன். உட்கிராமத்திலிருந்து காலை பஸ்ஸைப் பிடித்து வந்து, அன்றைய கூலியையும் விட்டு, மத்தியானம் வரை நிற்க வேண்டும். ஒரு மாதக் குளிசையை ஒன்றுவிட்ட நாள் போட்டு இரண்டு மாதமாக இழுத்தவர்களை எனக்குத் தெரியும். 2009இல், இறுதி யுத்தத்தில், மருந்தே இல்லாமல் மாதக்கணக்கில் இருந்தவர்கள் பிறகு அதைப் பழக்கமாகவே ஆக்கிக்கொண்டதும் உண்டு. அப்படி இருந்தால் மறைக்காமல் சொல்லுங்கள். மறைத்தால், போடாத குளிசை வேலை செய்யவில்லை என்று நினைத்து இன்னும் கூட்டி எழுதுவார்கள். அதை ஒரு நாள் முழுதாகப் போட்டால் தலைசுற்றி விழுவீர்கள். இரண்டு மாத மருந்து ஒன்றாகத் தர முடியுமா, கிட்டவுள்ள வைத்தியசாலைக்கு மாற்ற முடியுமா என்று கேளுங்கள். கேட்பதில் குறைச்சல் ஒன்றுமில்லை.

இறுக்கிப் பிடிப்பதால் மூளைக்கு நன்மை உண்டா என்றால், உண்டு. 2019இல் வெளிவந்த ஒரு அமெரிக்க ஆய்வில், மேல் அளவை 120க்குக் கீழ் கொண்டுவந்தவர்களுக்கு, 140க்குக் கீழ் வைத்தவர்களைவிட, ஆரம்பகட்ட யோசனைக் குறைவு ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கு குறைவாக வந்தது. முழு அறளையும் குறைந்த மாதிரித்தான் தெரிந்தது. ஆனால் அந்த வித்தியாசம் நிச்சயமாகச் சொல்லும் அளவுக்கு வரவில்லை. உங்களுக்கு எந்த அளவு என்பதை வைத்தியர் சொல்வார். எழும்பும்போது தலைசுற்றுகிற எண்பது வயதுக்காரருக்கும் நாற்பத்தைந்து வயதுக்காரருக்கும் ஒரே இலக்கு இல்லை. ஆனால் நாற்பத்தைந்தில் பிடிப்பதுதான் எழுபத்தைந்தில் மூளையைக் காப்பாற்றுகிறது.

ஒரு தடவை பாரிசவாதம் வந்தவர்களுக்கு அஸ்பிரினும் கொழுப்புக் குளிசையும் எழுதியிருந்தால், பல் பிடுங்கவோ வேறு எதற்குமோ தாமாக நிறுத்தக் கூடாது. எழுதினவரைக் கேட்ட பிறகுதான்.

ஒடுங்கின மூளை நாடியில் ஸ்டென்ட் (நாடியை விரித்து வைக்கும் கம்பிவலைக் குழாய்) வைக்க முடியாதா? இதயத்துக்கு வைக்கிறார்களே.

2011இல் அமெரிக்காவில் இதைச் சோதித்தார்கள். முதல் 30 நாளில், ஸ்டென்ட் வைத்தவர்களில் 14.7 சதவீதம் பேருக்கும் மருந்து மட்டும் எடுத்தவர்களில் 5.8 சதவீதம் பேருக்கும் பாரிசவாதமோ மரணமோ வந்தது. அதன்பிறகு மருந்துதான் முதல் சிகிச்சை. இந்தியாவுக்குப் போக நகை அடகு வைக்கும் முன் இந்த இரண்டு இலக்கத்தையும் பார்த்துவிடுங்கள்.

சாப்பாட்டில் எதை மாற்றுவது?

உப்பு. ஆனையிறவு உப்பு எங்கள் மண்ணின் பெருமைதான். ஆனாலும் ஒரு ஆளுக்கு ஒரு நாளைக்கு 5 கிராம், அதாவது மட்டமாக ஒரு தேக்கரண்டி என்று உலக சுகாதார நிறுவனம் சொல்கிறது. கருவாடு, மோர்மிளகாய், ஊறுகாய், கடை மிக்சர், சோற்றுக்குப் போடும் உப்பு எல்லாம் அதற்குள் அடங்க வேண்டும். சோற்றுக்கு உப்பு போடாமல் தொடங்குங்கள், இரண்டு மூன்று கிழமையில் நாக்கு பழகிவிடும். பனங்கட்டி மருந்தில்லை, சலரோகக்காரருக்கு அதுவும் சீனிதான். குரக்கன் நல்லது, அளவோடு. சுருட்டும் வெற்றிலையோடு போடும் புகையிலையும் முற்றாக விட வேண்டும்.

இன்னொன்று: வயல்வேலை செய்து உடம்பு நோகிறது என்று பாமசியில் டைக்ளோபெனக் வாங்கித் தினமும் போடுகிறவர்கள் இருக்கிறார்கள். அது பிரஷரை ஏற்றும், சிறுநீரகத்தையும் கெடுக்கும். வவுனியாப் பக்கம் ஏற்கெனவே சிறுநீரக வருத்தம் பரவலாக உள்ள இடம். சிறுநீரகம் பழுதானால் நாடி இன்னும் வேகமாக இறுகும்.

கனடாவிலிருந்து தங்கச்சி ஞாபகசக்திக் குளிசை அனுப்புகிறா. கொடுக்கலாமா?

பெரும்பாலும் ஜின்கோ இலைக் குளிசையாக இருக்கும். ஆயிரக்கணக்கான முதியவர்களில் சோதித்து 2008இல் வெளியிட்டார்கள், அறளையைத் தடுக்கவில்லை. அஸ்பிரினோடு சேர்ந்தால் இரத்தம் கசியும் ஆபத்தும் இருக்கலாம். அந்தக் காசுக்கு வீட்டில் வைத்து அளக்கிற, மேற்கையில் கட்டும் பிரஷர் மெஷின் ஒன்று அனுப்பச் சொல்லுங்கள்.

உடம்பில் சண்டைக் காலத்துச் செல் (எறிகணை) துண்டு இருக்கிறது. மூளை ஸ்கான் எடுக்கலாமா?

சிடி எடுக்கலாம். எம்ஆர்ஐ என்றால் கட்டாயம் முதலே சொல்ல வேண்டும். அது பெரிய காந்தம். இரும்புத் துண்டு கண்ணுக்குக் கிட்ட, மூளையில், முள்ளந்தண்டுக்குப் பக்கத்தில் இருந்தால் அசைந்து பெரிய சேதம் செய்யலாம். பல வருடம் ஆகிவிட்டது, நோவில்லை என்று சொல்லாமல் விடாதீர்கள். எங்கே இருக்கிறது என்று தெரியாவிட்டால் முதலில் எக்ஸ்றே எடுத்துப் பார்ப்பார்கள். கொழும்பிலோ வெளிநாட்டிலோ ஸ்கான் எடுக்கும்போது கேட்பார்கள் என்று காத்திருக்காமல், நீங்களே சொல்ல வேண்டும். அறளை உள்ளவருக்கு அது ஞாபகம் இருக்காது. கிளினிக் கொப்பியின் முதல் பக்கத்திலேயே பெரிதாக எழுதி வையுங்கள்.

மறதி எல்லாமே நாடியால்தானா?

இல்லை. தைரொயிட் குறைவு, பி12 குறைவு, காது கேளாமை, தூக்கக் குளிசை எல்லாமே மறதியாகக் காட்டும். இவற்றைச் சரிசெய்யவும் முடியும். மனமும் அப்படித்தான். காணாமல்போன பிள்ளையைத் தேடித் தேடி வருடக்கணக்காக அலைந்த தாய்க்கு நேற்று என்ன சமைத்தோம் என்பது மனதில் பதியாமல் போவதை அறளை என்று எழுதிவிடக் கூடாது. லான்செட் என்ற மருத்துவ இதழின் ஆணைக்குழு 2024இல், மாற்றக்கூடிய 14 காரணங்களைச் சரிசெய்தால் அறளையில் ஏறத்தாழ 45 சதவீதத்தைத் தடுக்கவோ தள்ளிப்போடவோ முடியலாம் என்று கணித்தது. பிரஷர், சலரோகம், கெட்ட கொழுப்பு, புகை ஆகியவற்றோடு காது கேளாமையும் மனச்சோர்வும் தனிமையும் அந்தப் பட்டியலில் இருக்கின்றன.

அம்மம்மா இரவில் எழும்பி "செல் அடிக்கிறான், வெளிக்கிடுங்கோ" என்று பை கட்டுகிறா. என்ன செய்வது?

முதலில் ஒரு கேள்வி: இது ஒன்றிரண்டு நாளில் திடீரெனத் தொடங்கியதா? அப்படியானால் சலத்தில் கிருமி, காய்ச்சல், மலச்சிக்கல், சீனி இறங்குதல், புதிய குளிசை, அல்லது புதிய அடைப்பு. உடனே காட்டுங்கள். நாடியால் வரும் அறளை பல வேளை படியிறங்குவது போல, நின்று நின்று இறங்கும். ஒரு படி புதிதாக இறங்கினால் காரணம் தேட வேண்டும்.

மாதக்கணக்காக அப்படித்தான் என்றால், "சண்டை முடிஞ்சு எவ்வளவு காலம், படுங்கோ" என்று வாதாட வேண்டாம். அவருக்கு அது இப்போது நடக்கிறது. லைற்றைப் போட்டு, கிட்ட இருந்து கையைப் பிடித்து, "எல்லாரும் இங்கதான் இருக்கிறம் அம்மம்மா" என்று வீட்டிலுள்ள ஒவ்வொருவரின் பெயரையும் சொல்லுங்கள். பகல் தூக்கத்தைக் குறைத்து முற்றத்தில் கொஞ்சம் நடக்க வையுங்கள். திருவிழா வெடிச் சத்தம் கேட்கும் நாளில் முதலே சொல்லி வையுங்கள்.

பையைப் பறித்து ஒளிக்க வேண்டாம். என் அம்மா கட்டின பையில் அடையாள அட்டையும் காணி உறுதியும் ஒரு சீலையும் பேரனின் சின்ன வயதுச் சேட்டும் இருந்தன. உறுதியின் போட்டோப் பிரதியை வைத்துவிட்டு மூலத்தை மட்டும் எடுத்தோம். பை தலைமாட்டில் இருந்த இரவுகளில் அவர் தூங்கினார்.